டிக்கெட் இல்லாத ஆட்டம், ஆளில்லாத கேலரி

 

கல்வி உதவி கேட்டு நம் அறக்கட்டளைக்கு வரும் விண்ணப்பப் படிவத்தில் 'விளையாட்டில் ஈடுபாடு உண்டா?' என்று ஒரு வரி இருக்கிறது. பெண் பிள்ளைகள் பலர் அந்த வரியைக் காலியாக விட்டுவிடுகிறார்கள். எழுதுபவர்கள் எழுதுவது பெரும்பாலும் இப்படித்தான்: 'எட்டாவது வரை கோ-கோ ஆடினேன்.' 'பத்தாவது படிக்கும்போது பள்ளிக் கால்பந்து அணியில் இருந்தேன்.' அவர்களுடைய அண்ணன் தம்பிகளின் படிவத்தைப் பார்த்தால் 'ஆடுகிறேன்' என்று இருக்கும். பெண்களின் படிவத்தில் மட்டும் எல்லாம் இறந்த காலம்.

ஏன் நின்றுபோகிறது என்று கேட்டால் காரணங்களுக்குக் குறைவில்லை. கல்லூரி தூரம். மாலை பயிற்சி முடிந்து கும்மிடிப்பூண்டி ரயிலைப் பிடித்து வீடு சேர எட்டு மணி ஆகிவிடும். உடை விஷயம். அக்கம்பக்கத்தார் பேச்சு. இவற்றில் எதையும் நாம் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் எங்கள் கவனத்தில் பட்டது ஒன்று உண்டு. 'போதும், நிறுத்திக்கொள்' என்று சொன்ன பெற்றோரில் பலர், தங்கள் மகள் பந்து ஆடியதை ஒருமுறைகூட நேரில் பார்த்ததில்லை. பார்க்காத ஒன்றை நிறுத்தச் சொல்வது சுலபம். அதனால் இம்மாதப் பாடத்தை, கல்லூரி மாணவியரின் கால்பந்தைச் செலவில்லாமல் போய்ப் பார்ப்பது எப்படி என்பதற்கு ஒதுக்கியிருக்கிறோம். உங்கள் மகள் ஆடுகிறாளோ இல்லையோ, போய்ப் பாருங்கள். வேறு யாராவது ஒருவரின் மகள் அங்கே ஆடிக்கொண்டிருப்பாள்.

கட்டணம் எவ்வளவு?

ஒன்றும் இல்லை. கல்லூரிகளுக்கு இடையே நடக்கும் ஆட்டங்களுக்கு நுழைவுக் கட்டணம் வாங்கும் வழக்கம் நம் பக்கத்தில் கிடையாது. ஆட்டத்தை நடத்தும் செலவைக் கல்லூரியும் பல்கலைக்கழகமும் ஏற்றுக்கொள்கின்றன. கேலரியில் உட்காருவதற்கு யாரும் சீட்டுக் கேட்பதில்லை. 2019 தீபாவளிக்கு வந்த 'பிகில்' படத்தில் பெண்கள் கால்பந்து ஆடுவதைப் பார்க்க நம் ஊர்த் தியேட்டர்களில் வரிசையில் நின்று டிக்கெட் வாங்கினோம். நிஜமாகவே ஆடுகிற பெண்களை இலவசமாகப் பார்க்க மைதானத்தில் பத்துப் பேர் இருந்தால் அதிகம். அந்தப் பத்திலும் ஆறு பேர் அடுத்த ஆட்டத்துக்காகக் காத்திருக்கும் எதிரணிப் பிள்ளைகளாக இருப்பார்கள்.

அமெரிக்காவிலும் கதை ஏறக்குறைய இதுதான். அங்கே 1972இல் வந்த சட்டம், அரசுப் பணம் பெறும் கல்வி நிலையங்கள் ஆண், பெண் வேறுபாடு காட்டக் கூடாது என்றது. அதன் பலனாகக் கல்லூரிகளில் பெண்கள் அணிகள் பெருகின. 1982இல் அந்நாட்டுக் கல்லூரி விளையாட்டுச் சங்கம் மாணவியருக்கான தன் முதல் தேசியக் கால்பந்துப் போட்டியை நடத்தியது. இன்றும் அங்கே பல பல்கலைக்கழகங்களில் மாணவியர் கால்பந்துக்கு நுழைவு இலவசம், அல்லது மிகச் சொற்பம். அந்த இலவச மைதானங்களில் ஆடிப் பழகியவர்கள்தான் பிற்பாடு உலகக் கோப்பை வென்ற அணியில் இருந்தார்கள்.

எந்த ஆட்டம், எங்கே, எப்போது?

முதலில் படிக்கட்டைப் புரிந்துகொள்வோம். கீழ்ப்படி, ஒரே பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கல்லூரிகள் தங்களுக்குள் மோதுவது. நம் திருவள்ளூர் மாவட்டத்துக் கலை அறிவியல் கல்லூரிகள் சென்னைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்தவை. பொன்னேரி உலகநாத நாராயணசாமி அரசுக் கல்லூரியும் அதில் ஒன்று. பொறியியல் கல்லூரிகள் என்றால், கவரைப்பேட்டை ஆர்.எம்.கே. போன்றவை அண்ணா பல்கலைக்கழகத்தின் மண்டலப் போட்டிகளில் ஆடும். இந்த ஆட்டங்களில் கண்ணில் படும் மாணவியரைப் பொறுக்கியெடுத்துப் பல்கலைக்கழக அணி அமைக்கிறார்கள்.

அடுத்த படி, தென்மண்டலப் பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டி. இதை நடத்தும் பொறுப்பை இந்தியப் பல்கலைக்கழகங்களின் கூட்டமைப்பு ஒவ்வோர் ஆண்டும் ஏதாவது ஒரு பல்கலைக்கழகத்திடம் ஒப்படைக்கும். மண்டலத்தில் முன்னணியில் வருபவர்கள் அகில இந்தியப் போட்டிக்குப் போவார்கள். அங்கே சிறந்து விளங்கும் பல்கலைக்கழகங்கள் 'கேலோ இந்தியா' பல்கலைக்கழக விளையாட்டுகளுக்குப் போகும். அது 2020இல் புவனேஸ்வரில் தொடங்கியது.

நமக்கு எட்டுவது கீழ்ப்படிதான், அதுதான் சுவையானதும்கூட. கல்லூரி திறந்து ஓரிரு மாதங்களில் கல்லூரி அளவிலான ஆட்டங்கள் தொடங்கிவிடும். மழைக்காலத்தில் மைதானம் குளமாகிப் பல ஆட்டங்கள் தள்ளிப்போகும். ஆண்டு இறுதியை ஒட்டிப் பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான ஆட்டங்கள்.

இவற்றின் தேதி செய்தித்தாளில் வராது. வந்தாலும் ஆட்டம் முடிந்த மறுநாள், யார் வென்றார்கள் என்று இரண்டு வரியில் வரும். தேதி தெரிந்த ஒரே ஆள் கல்லூரியின் உடற்கல்வி இயக்குநர். அவரிடம் கேளுங்கள். உங்கள் மகளோ பக்கத்து வீட்டுப் பிள்ளையோ படிக்கும் கல்லூரியில் விசாரித்து, 'பெண்கள் கால்பந்து அட்டவணை எப்போது வரும், எந்த மைதானம்?' என்று கேட்டால் போதும். ஆட்டம் பார்க்க வருகிறேன் என்று ஒரு பெற்றோர் கேட்பது அவர்களுக்கு அபூர்வமான சந்தோஷம். பெரும்பாலும் மனமுவந்து சொல்வார்கள்.

இதற்கு இணையாக இன்னொரு வாய்ப்பு, முதலமைச்சர் கோப்பைக்கான போட்டிகள். தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம் நடத்துகிறது. பள்ளி, கல்லூரி, பொதுப்பிரிவு, அரசு ஊழியர், மாற்றுத்திறனாளிகள் எனத் தனித்தனிப் பிரிவுகள் உண்டு. மாவட்ட அளவில் தொடங்கி மாநில அளவில் முடியும். மாவட்ட அளவிலான ஆட்டங்களின் இடமும் நேரமும் திருவள்ளூர் மாவட்ட விளையாட்டு அலுவலகத்தில் கேட்டால் கிடைக்கும்.

ஒரு எச்சரிக்கை. மகளிர் கல்லூரி வளாகத்துக்குள் நடக்கும் ஆட்டத்துக்கு வெளி ஆண்களை விடமாட்டார்கள். வாசலில் காவலாளியோடு வாதாட வேண்டாம், அவர் செய்வது சரியான வேலை. அப்படிப்பட்ட இடத்துக்குத் தாய்மார்களும் சகோதரிகளும் முன்கூட்டியே அனுமதி கேட்டுப் போகலாம். குடும்பமாகப் போவதென்றால் பொது மைதானத்தில் நடக்கும் ஆட்டத்தைத் தேர்ந்தெடுங்கள்.

போய் வரும் வழி

செலவென்று ஏதாவது இருந்தால் அது பயணச் செலவு மட்டும். அதையும் சுருக்கிவிடலாம்.

கும்மிடிப்பூண்டி, கவரைப்பேட்டை, பொன்னேரி, மீஞ்சூர்க்காரர்கள் மின்சார ரயிலில் சென்ட்ரலை ஒட்டியுள்ள மூர் மார்க்கெட் நிலையத்தில் இறங்கினால், பெரியமேடு ஜவஹர்லால் நேரு விளையாட்டரங்கம் நடக்கும் தூரம். சென்னைப் பல்கலைக்கழகத்தின் யூனியன் மைதானம் சேத்துப்பட்டில் இருக்கிறது. அதற்குச் சென்ட்ரலில் இறங்கிச் சாலையைக் கடந்து பார்க் நிலையத்தில் தாம்பரம் வண்டி ஏறினால், எழும்பூருக்கு அடுத்தது சேத்துப்பட்டு. திருவள்ளூர், ஆவடிக்காரர்களுக்கும் சென்ட்ரல் வரை தங்கள் தடத்து வண்டி, பிறகு இதே வழி. புறநகர் ரயிலின் குறைந்தபட்சக் கட்டணம் 5 ரூபாய். கும்மிடிப்பூண்டியிலிருந்து முழுத் தூரம் வந்தாலும் ஒரு டீயும் சமோசாவும் சாப்பிடும் காசுக்கு மேல் ஆகாது.

கும்மிடிப்பூண்டியிலிருந்து திருவள்ளூர் மைதானத்துக்குப் போக ரயிலை நம்ப வேண்டாம். இரண்டும் வேறு தடம். சென்னை எல்லைக்குள் பேசின் பிரிட்ஜ் வரை வந்து மறுபடி வெளியே போக வேண்டியிருக்கும். பெரியபாளையம் வழியாகப் பேருந்தில் போவதே மேல்.

பெண்களுக்கு இன்னும் வசதி. 2021 மே மாதத்திலிருந்து அரசின் சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் அவர்களுக்குக் கட்டணமில்லை. 'விடியல் பயணம்' என்று இப்போது அதற்குப் பெயர். வேலைக்கும் ரேஷனுக்கும் ஆஸ்பத்திரிக்கும் அந்தப் பேருந்தில் போகும் நம் சகோதரிகள், ஒரு மாலை மைதானத்துக்கும் போகலாமே. எக்ஸ்பிரஸ், சொகுசுப் பேருந்துகளில் இந்தச் சலுகை கிடையாது. பலகையைப் பார்த்து ஏறுங்கள்.

சிப்காட்டில் ஷிப்ட் வேலை பார்ப்பவர்களுக்கு நேரம் கிடைக்குமா என்ற கேள்வி வரும். வார நாட்களில் வேலை நேரத்தில் நடக்கிற ஆட்டம் அலுவலகம் போகிறவருக்குத்தான் கைக்கெட்டாது. காலை ஷிப்ட் முடிந்து இரண்டு மணிக்கு வெளியே வருபவர் மூன்றரை, நான்கு மணி ஆட்டத்தை உள்ளூர் மைதானத்தில் தாராளமாகப் பார்க்கலாம். இரவு ஷிப்ட் முடித்தவர் தூங்கட்டும், அவரைக் கூப்பிட வேண்டாம்.

வீட்டை விட்டு நகர முடியாதவர்களுக்குச் செல்பேசி இருக்கிறது. அகில இந்தியக் கால்பந்துச் சம்மேளனத்தின் யூடியூப் பக்கத்தில் பெண்களுக்கான தேசிய ஆட்டங்கள் பலவற்றை இலவசமாகக் காட்டியிருக்கிறார்கள். போட்டியை நடத்தும் பல்கலைக்கழகங்களும் சில நேரம் நேரலை தருகின்றன. ஆனால் காலி கேலரியைச் செல்பேசி நிரப்பாது.

ஆட்டத்தைப் பார்க்கத் தெரிந்துகொள்வோம்

கிரிக்கெட் பார்த்துப் பழகிய கண்ணுக்குக் கால்பந்து முதலில் ஓயாத ஓட்டமாகத் தெரியும். நான்கைந்து விஷயம் தெரிந்தால் போதும், ஆட்டம் பிடிபட்டுவிடும்.

அணிக்குப் பதினொரு பேர். ஒருவர் கோல்கீப்பர். முழு ஆட்டம் 45 நிமிடமாக இரண்டு பாதி. கல்லூரி அளவில் ஒரே நாளில் பல ஆட்டங்கள் இருந்தால் நேரத்தைக் குறைத்துக்கொள்வதும் உண்டு. கோல் கம்பங்களுக்கு இடையே 7.32 மீட்டர், உயரம் 2.44 மீட்டர். நம் வீட்டுத் தளத்தின் உயரத்துக்குச் சற்றுக் குறைவான உயரம், ஒரு கடை அகலத்தைவிடப் பெரிய அகலம். அதன் நடுவே பதினெட்டு வயதுப் பெண் ஒருத்தி தனியாக நின்று காக்க வேண்டும். பெனால்டி அடிக்கும் இடம் வெறும் 11 மீட்டர் தொலைவில். இதைப் போய் நேரில் பார்த்தால்தான் கோல்கீப்பரின் நெஞ்சுரம் விளங்கும்.

எல்லோரையும் குழப்புவது 'ஆஃப்சைடு'. இப்படி நினைத்துக்கொள்ளுங்கள். பந்து தன்னை நோக்கி உதைக்கப்படும் அந்த நொடியில், தாக்கும் அணிப் பெண் எதிரணியின் பாதியில் நிற்கிறாள். பந்தைவிடவும், எதிரணியின் கடைசி இருவரில் இரண்டாமவரைவிடவும் அவள் கோலுக்கு அருகில் இருந்தால் அது தவறு. கடைசி ஆள் பொதுவாகக் கோல்கீப்பர்தான். ஆகவே கீப்பருக்கு முன்னால் நிற்கும் தடுப்பாட்டக்காரியைத் தாண்டி முன்கூட்டியே போய்க் காத்திருக்கக் கூடாது என்று புரிந்துகொண்டால் போதும். பந்தி போடும் முன்பே உள்ளே போய் இடம் பிடித்து உட்கார்ந்துவிடுகிற ஆளை நமக்குத் தெரியும் அல்லவா, அந்த வேலை இங்கே செல்லாது. பக்கக் கோட்டிலிருந்து கையால் எறியும் பந்து, கார்னர், கோல் கிக் ஆகியவற்றிலிருந்து நேரே பந்து வரும்போது இந்த விதி இல்லை. கோட்டோரம் கொடியோடு ஓடுகிறாரே உதவி நடுவர், அவர் கண் முழுக்க இதன் மேல்தான். அவர் கொடியை உயர்த்தினால் திட்டாதீர்கள். நம் இடத்திலிருந்து தெரியாதது அவர் இடத்திலிருந்து தெரியும்.

இன்னொன்று. பந்தையே பார்த்துக்கொண்டிருக்காதீர்கள். பந்து இல்லாத பெண்களைப் பாருங்கள். யார் காலியிடம் தேடி ஓடுகிறாள், யார் கை காட்டிக் கூப்பிடுகிறாள், பந்து பறிபோனதும் யார் முதலில் திரும்பி ஓடுகிறாள். வீட்டில் வாயே திறக்காத பிள்ளை கோல் கம்பத்தின் முன்னால் நின்று, "ஏறு! ஏறு! ஆளை விடாதே!" என்று மைதானம் அதிரக் கத்துவதைக் கேட்கும் பெற்றோர் முகத்தை ஒருமுறை பார்க்க வேண்டும். இந்தக் குரல் இவளிடம் எங்கே இருந்தது என்று யோசிப்பார்கள்.

பார்க்க வந்தவர்கள் நடத்திய ஆட்டம்

பார்வையாளர்கள் அத்தனை முக்கியமா என்று கேட்பவர்களுக்கு ஒரு தொழிற்சாலைக் கதை. நம் சிப்காட் பகுதிக்குப் பொருந்துகிற கதை.

இங்கிலாந்தின் பிரஸ்டன் நகரில் 'டிக், கெர்' என்று ஒரு கம்பெனி. ரயில், டிராம் வண்டிகளுக்கான பொருட்களைச் செய்துகொண்டிருந்தது. முதல் உலகப் போரின்போது அது வெடிபொருள் தயாரிப்புக்கு மாறியது. ஆண்கள் போருக்குப் போய்விட, பெண்கள் வேலைக்கு வந்தார்கள். உணவு இடைவேளையில் முற்றத்தில் பந்து உதைத்து விளையாடினார்கள். 1917 கிறிஸ்துமஸ் அன்று, காயம்பட்ட போர்வீரர்களின் மருத்துவமனைக்கு நிதி திரட்ட, நகரின் டீப்டேல் மைதானத்தில் இன்னொரு தொழிற்சாலைப் பெண்களோடு மோதினார்கள். பார்க்க வந்தவர்கள் 10,000 பேர். அதன் பிறகு ஊர் ஊராக அழைப்பு வந்தது. ஒவ்வோர் ஆட்டத்திலும் வசூலான பணம் தர்மக் காரியத்துக்கே போனது.

1920 டிசம்பர் 26 அன்று லிவர்பூலின் குடிசன் பார்க் மைதானத்தில் அவர்கள் ஆடியபோது 53,000 பேர் உள்ளே இருந்தார்கள். இடமில்லாமல் வெளியே நின்றவர்கள் பல ஆயிரம். ஒரே நாளில் 3,000 பவுண்டுக்கு மேல் வசூல், வேலையிழந்த முன்னாள் போர்வீரர்களுக்காக. லில்லி பார் என்ற பதின்வயதுப் பெண் அந்த அணியின் நட்சத்திரம்.

சரியாக ஓராண்டுக்குள் எல்லாம் நின்றது. 1921 டிசம்பர் 5 அன்று இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கம், இந்த ஆட்டம் பெண்களுக்கு ஏற்றதல்ல என்று தீர்மானித்து, தன் உறுப்பினர் கிளப்புகள் எதுவும் பெண்களுக்கு மைதானம் தரக் கூடாது என்றது. கவனியுங்கள், பெண்கள் ஆடக் கூடாது என்று அது சட்டம் போடவில்லை, போடவும் முடியாது. அது பூட்டியது கேலரியை. மக்கள் உட்கார்ந்து பார்க்க இடமில்லாமல் செய்ததும் ஆட்டம் தானாகவே சுருங்கிப்போனது. டிக், கெர் பெண்கள் பூங்காக்களிலும் கிடைத்த திடல்களிலும் பல காலம் ஆடிக்கொண்டுதான் இருந்தார்கள். ஆனால் அந்தப் பூட்டு 1970ஆம் ஆண்டு வாக்கில்தான் திறந்தது. ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகள், இரண்டு தலைமுறைப் பெண்கள்.

நம் ஊரில் யாரும் எதையும் பூட்டவில்லை. கேலரி திறந்திருந்தும் காலியாக இருக்கிறது. விளைவு என்னவோ பெரிதாக வேறுபடவில்லை என்பது எங்கள் எண்ணம்.

உடையும் கேலரியும்

நம் பெண்கள் ஆடலாமா, பார்க்கலாமா என்ற கேள்வி வரும். உடை, கலந்து அமர்தல் பற்றியெல்லாம் மார்க்க அறிஞர்களிடையே கருத்துகள் பல. அதை ஒவ்வொரு குடும்பமும் தங்கள் ஆலிம்களிடம் கேட்டுக்கொள்ளட்டும். பார்ப்பதைப் பற்றி மட்டும் ஒன்று நினைவூட்டுகிறோம். ஒரு பெருநாள் அன்று அபிசீனியர்கள் பள்ளிவாசலில் ஈட்டி விளையாட்டு ஆடியதை அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் பார்த்ததும், அவர்களுக்கே போதும் என்று தோன்றும் வரை நபி (ஸல்) அவர்கள் மறைத்து நின்றுகொண்டிருந்ததும் புகாரியில் பதிவான செய்தி.

தலைமறைப்போடு கால்பந்து ஆட முடியாது என்பது பழைய கதை. 2007 முதல் அதற்கு உலக அளவில் தடை இருந்தது உண்மை. 2011இல் ஈரான் பெண்கள் அணி, தலைமறைப்போடு வந்ததற்காக ஒலிம்பிக் தகுதிச் சுற்றில் ஜோர்டானுக்கு எதிரான ஆட்டத்தையே இழந்தது. 2012இல் சோதனை முறையில் அனுமதித்து, 2014 மார்ச்சில் அதை நிரந்தரமாக்கினார்கள். இப்போதைய விதி எளிமையானது. தலைமறைப்பு கருப்பாகவோ சட்டையின் முக்கிய நிறத்திலோ இருக்க வேண்டும், சட்டையோடு இணைந்திருக்கக் கூடாது, யாருக்கும் ஆபத்து விளைவிக்கக் கூடாது. ஊசி குத்திய துப்பட்டா ஆகாது என்று புரிந்துகொள்ளுங்கள். 2023 ஜூலை 30 அன்று ஆஸ்திரேலியாவின் அடிலெய்டில், மொராக்கோவின் நுஹைலா பென்சினா தலைமறைப்போடு உலகக் கோப்பையில் ஆடினார். பெண்கள் உலகக் கோப்பையில் அப்படி ஆடிய முதல்வர் அவர். மொராக்கோ அன்று தென் கொரியாவை 1-0 என்று வென்றது. கல்லூரியில் உங்கள் பிள்ளையிடம் யாராவது 'விதி இல்லை' என்றால் இந்தத் தகவலைச் சொல்லச் சொல்லுங்கள்.

கேலரிக்காகவே பெண்கள் போராடிய நாடுகளும் உண்டு. சவூதி அரேபியாவில் 2018 ஜனவரியில்தான் பெண்கள் கால்பந்து அரங்குக்குள் முதன்முறையாக அனுமதிக்கப்பட்டார்கள், ஜித்தாவில். ஈரானில் 2019 அக்டோபரில் கம்போடியாவுக்கு எதிரான ஆட்டத்தைப் பார்க்க டெஹ்ரானின் ஆசாதி அரங்கில் சில ஆயிரம் பெண்களுக்கு டிக்கெட் கிடைத்தது. பல பத்தாண்டுகளுக்குப் பின் திறந்த கதவு அது. ஆட்டத்தில் ஈரான் 14 கோல் போட்டது, அது வேறு விஷயம்.

இதனால் பிள்ளைக்கு என்ன?

இந்தக் கேள்வியைத் தப்பென்று சொல்ல மாட்டோம். மாதச் சம்பளத்தில் குடும்பம் நடத்துகிறவர் கேட்கத்தான் செய்வார்.

கடலூரைச் சேர்ந்த இந்துமதி கதிரேசன் இந்திய அணிக்கு ஆடியவர், தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளர். 2018 பிப்ரவரியில் கட்டாக்கில், பெண்கள் கால்பந்தில் அசைக்க முடியாத மணிப்பூரை 2-1 என்று வீழ்த்தித் தமிழ்நாடு முதன்முறையாகத் தேசியச் சாம்பியன் ஆனது. 2023இல் அமிர்தசரஸில் ஹரியானாவை அதே 2-1 கணக்கில் வென்று மறுபடியும் கோப்பை வந்தது. இடையில் 2019 மே மாதம் லூதியானாவில் நடந்த இந்தியப் பெண்கள் லீக்கின் இறுதி ஆட்டத்தில் மதுரைப் பக்கத்துச் சேது அணி மணிப்பூர் போலீஸ் அணியை 3-1 என்று வென்றது. 2025 ஜூலையில் இந்தியப் பெண்கள் தாய்லாந்தை அதன் மண்ணிலேயே வென்று, தகுதிச் சுற்றின் வழியாக முதன்முறையாக ஆசியக் கோப்பைக்குள் நுழைந்தார்கள். இவ்வளவும் நடந்தது. நம் தெருவில் எத்தனை பேருக்குத் தெரியும்?

மாநில அரசுப் பணிகளில் சாதனை படைத்த விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு உண்டு. பொறியியல் கலந்தாய்வில் விளையாட்டுப் பிரிவுக்கென 500 இடங்கள் தனியே வைக்கப்படுகின்றன. கலைக் கல்லூரிகளும் நல்ல ஆட்டக்காரர்களுக்கு இடமும் கட்டணச் சலுகையும் தருவதுண்டு. இவை எல்லோருக்கும் கிடைக்காது. மாநில, தேசிய அளவில் ஆடியதற்கான சான்றிதழ் இருந்தால்தான் கிடைக்கும். அந்தச் சான்றிதழின் முதல் படி, பத்தாவதோடு நிறுத்திவிட்ட அந்தப் பள்ளி அணிதான். ஆனால் வேலைக்காக மட்டும் பிள்ளையை ஆட விடுங்கள் என்று நாங்கள் சொல்லவில்லை. ஆடுகிற பிள்ளைகளில் பெரும்பாலோருக்கு வேலை இதனால் கிடைக்கப்போவதில்லை. நன்றாக ஓடி, நன்றாகத் தூங்கி, தோற்ற மறுநாளும் பயிற்சிக்குப் போகக் கற்றுக்கொண்டு வருவாள். அதுவும் ஒரு வரவு.

மைதானத்தில் நடந்துகொள்ளும் முறை

ஆட்டம் பார்க்கப் போகும் ஆண்களுக்கு முதலில். செல்பேசியைப் பையில் வையுங்கள். ஆடுகிற பிள்ளைகளைப் படம் பிடிக்கவோ வாட்ஸ்அப்பில் போடவோ வேண்டாம். உங்கள் மகளே ஆடினாலும் அருகில் நிற்கும் பெண் இன்னொருவர் மகள். ஒரு காணொளி ஊர் சுற்றி வந்ததால் ஆட்டத்தையே விட்ட பிள்ளைகள் நம் பகுதியில் இருக்கிறார்கள். படம் வேண்டுமென்றால் ஆட்டம் முடிந்து, பயிற்சியாளரையும் பிள்ளைகளையும் கேட்டு, அணியாக நிற்கவைத்து எடுங்கள்.

கைதட்டுங்கள், இரு அணிக்கும். தவறவிட்ட பிள்ளையின் பெயரைச் சொல்லிக் கத்தாதீர்கள். கோட்டோரம் நின்று யோசனை சொல்லும் வேலையைப் பயிற்சியாளரிடம் விட்டுவிடுங்கள், அவருக்குச் சம்பளம் அதற்குத்தான்.

பல மைதானங்களில் நிழல் இருக்காது, கழிப்பறை தூரத்தில் இருக்கும். குடை, தண்ணீர், கொஞ்சம் பேரீச்சம்பழமோ கடலை மிட்டாயோ எடுத்துப் போங்கள். நான்கு மணி ஆட்டம் என்றால் அஸர் தொழுகைக்கு இடைவேளையில் நேரம் பார்த்துக்கொள்ளலாம். பெரியமேட்டில் ஆட்டம் என்றால் பக்கத்திலேயே பள்ளிவாசல் இருக்கிறது. மஃக்ரிபுக்கு அங்கேயே தொழுதுவிட்டு வண்டி ஏறலாம். திரும்பும்போது கும்மிடிப்பூண்டித் தடத்தில் வண்டிகளுக்கு இடையே இடைவெளி அதிகம். போகும்போதே திரும்பும் வண்டியின் நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். போக, வர ஒரே சீட்டாக எடுத்துவிட்டால் சென்ட்ரலில் வரிசையில் நிற்க வேண்டாம்.

தனியாகப் போகத் தயங்கும் சகோதரிகள் அறக்கட்டளை அலுவலகத்தில் பெயர் கொடுக்கலாம். ஆறு பேர் சேர்ந்தால் மகளிர் குழுவிலிருந்து ஒருவர் உடன் வருவார். பயணச்சீட்டு அவரவர் செலவு. முந்தின இரவு மழை பெய்திருந்தால் ஆட்டம் தள்ளிப்போயிருக்கும். கிளம்பும் முன் கல்லூரிக்கு ஒரு போன் செய்து கேட்டுவிட்டுப் புறப்படுங்கள்.